'ரா'வும் 'ரவி'யும் ஒன்றா? எகிப்தின் கதிரவனும் நம் வாசலின் கதிரவனும்



சென்ற ஆண்டு நான்காம் படிவ மாணவர்களுக்குப் 'பொங்கல் திருநாள்' என்று கட்டுரைத் தலைப்பு கொடுத்திருந்தேன். வழக்கமான கட்டுரைகள்தான் வந்தன. ஒரு மாணவன் மட்டும் வேறு மாதிரி எழுதியிருந்தான். எகிப்தியர் வணங்கிய 'ரா' என்ற கடவுள் நம்முடைய 'ரவி'தான், ஆகவே எகிப்தியர் தமிழர்தான், பிரமிடு கட்டியதும் நாம்தான் என்று போய்க்கொண்டே இருந்தது. கூப்பிட்டுக் கேட்டேன்.

"இது எங்கய்யா படிச்ச?"

"புலனத்துல வந்துச்சு டீச்சர். எங்க மாமா அனுப்பினாரு."

சிவப்புப் பேனாவைக் கையில் எடுத்தேன். கோடு போட முடியவில்லை. காரணம், அதே வரியைச் சில ஆண்டுகளுக்கு முன்பு நானும் எழுதியிருக்கிறேன். ஆசிரியராக வேலைக்குச் சேர்ந்த புதிதில், பேச்சுப் போட்டிக்குப் போன ஒரு மாணவனுக்கு உரை தயாரித்துக் கொடுத்தேன். அதில் இந்த 'ரா–ரவி' விஷயத்தையும் சேர்த்திருந்தேன். கேட்க நன்றாக இருந்தது, கைதட்டு கிடைக்கும் என்று நினைத்தேன். பேசி முடித்ததும் நடுவர் ஒருவர் மெதுவாக, "தம்பி, ரவி தமிழ்ச் சொல்லா?" என்று கேட்டார். பையனுக்குப் பதில் தெரியவில்லை. திரும்பி என்னைப் பார்த்தான். எனக்கும் தெரியவில்லை. அந்தப் பார்வை இன்னும் மனதில் இருக்கிறது.

அன்றிலிருந்து இந்த விஷயத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகப் படித்து வருகிறேன். முதலாம் படிவ வரலாற்றுப் பாடத்திலேயே எகிப்திய நாகரிகம் வருவதால் மாணவர்களுக்கு இது புதிய பெயரல்ல. தெரிந்துகொண்டதை இங்கே பகிர்கிறேன்.

எகிப்தின் கதிரவன்

எகிப்தில் மழை மிகக் குறைவு. வானம் பெரும்பாலும் மேகமில்லாமல் இருக்கும். ஒரு பக்கம் நைல் ஆறு, இரு கரைக்கும் அப்பால் பாலைவனம். அப்படிப்பட்ட நாட்டில் மக்கள் தினமும் முழுசாகப் பார்க்கும் பேராற்றல் சூரியன். அதைக் கடவுளாக வணங்கியதில் வியப்பில்லை.

அந்தக் கடவுளின் பெயர்தான் 'ரா'. 'ரே' என்றும் எழுதுவார்கள். பருந்துத் தலையும் மனித உடலும் கொண்டவராக, தலைமேல் சூரிய வட்டமும் அதைச் சுற்றி ஒரு நாகமும் இருக்க அவரை வரைந்தார்கள். ஒரே சூரியனுக்குப் பொழுதுக்கு ஒரு வடிவம் இருந்தது. காலையில் கெப்ரி, நண்பகலில் ரா, மாலையில் ஆத்தும். கெப்ரிக்குச் சாணி வண்டுதான் உருவம். வண்டு சாண உருண்டையை உருட்டிக்கொண்டு போவதைப் பார்த்தவர்கள், சூரியனையும் ஒருவர் வானத்தில் அப்படி உருட்டுகிறார் என்று எண்ணினார்கள். கேட்க வேடிக்கையாக இருக்கலாம். ஆனால் தினமும் வயலில் பார்க்கும் ஒன்றைக் கொண்டு வானத்தை விளக்கினார்களே, அது கூர்மையான பார்வைதான்.

பகலில் ரா ஒரு படகில் வானத்தைக் கடக்கிறார். இரவில் வேறொரு படகில் பாதாள உலகைக் கடக்கிறார். நம் கதைகளில் சூரியனுக்கு ஏழு குதிரை பூட்டிய தேர். நைல் ஆற்றில் படகே முதன்மையான வாகனம் என்பதால் அவர்கள் கதையில் படகு. இரவுக்குப் பன்னிரண்டு மணிகள். அந்தப் பயணத்தில் அப்போபிஸ் என்ற பெரும்பாம்பு படகை மறிக்கப் பார்க்கும். அதை வென்றால்தான் மறுநாள் விடியும். இந்த இரவுப் பயணத்தை மணிவாரியாகச் சொல்லும் படங்களும் எழுத்துகளும் மூன்றாம் துத்மோஸ் போன்ற மன்னர்களின் கல்லறைச் சுவர்களில் உள்ளன. இறந்த மன்னனும் சூரியனோடு பயணம் செய்து மறுபடி எழ வேண்டும் என்பது அவர்கள் நம்பிக்கை.

ராவின் தலைமை ஊர் இன்றைய கெய்ரோ நகரத்தின் பகுதியாகிவிட்டது. கிரேக்கர் அதற்கு ஹீலியோபோலிஸ், அதாவது 'கதிரவன் நகரம்' என்று பெயர் வைத்தார்கள். முதலாம் செனுஸ்ரெத் மன்னன் நிறுத்திய கூர்நுனிக் கல்தூண் ஒன்று இன்றும் அங்கே நிற்கிறது.

அரசனின் தந்தை

தேர்வு எழுதும் மாணவர்கள் கவனிக்க வேண்டிய இடம் இது. ரா வெறும் இயற்கைக் கடவுள் அல்லர், ஆட்சியின் கடவுள். பெரிய பிரமிடைக் கட்டிய கூஃபுவின் மகன் ஜெதெஃப்ரே காலத்திலிருந்து எகிப்திய மன்னர்கள் 'ராவின் மகன்' என்ற பட்டத்தைச் சூடத் தொடங்கினார்கள். ஐந்தாம் மரபின் மன்னர்கள் தங்கள் பிரமிடோடு சூரியனுக்கும் தனிக் கோயில் கட்டினார்கள். அபு குராப் என்ற இடத்தில் நியுசெர்ரே மன்னன் கட்டிய சூரியக் கோயிலின் இடிபாடுகளை இன்றும் காணலாம். பிற்காலத்தில் தீப்ஸ் நகரம் ஓங்கியபோது அந்த ஊர்க் கடவுள் ஆமுனோடு ராவும் இணைந்து 'ஆமுன்–ரா' ஆனார். உண்மை, ஒழுங்கு, நீதி ஆகியவற்றின் தெய்வமான மாத், ராவின் மகள்.

அரசன் நினைத்தால் இந்த வழிபாட்டை எவ்வளவு மாற்ற முடியும் என்பதற்கு ஒரு நிகழ்ச்சி. கி.மு. 14-ஆம் நூற்றாண்டில் நான்காம் அமென்ஹோதெப் என்ற மன்னன் தன் பெயரையே அகெனாத்தன் என்று மாற்றிக்கொண்டான். 'ஆத்தன்' என்ற சூரிய வட்டம் ஒன்றையே வணங்க வேண்டும் என்றான். பழைய கோயில்களைப் புறக்கணித்தான். இன்று அமர்னா எனப்படும் இடத்தில் புதுத் தலைநகர் கட்டினான். அவன் காலத்துச் சிற்பங்களில் சூரிய வட்டத்திலிருந்து கதிர்கள் இறங்கும்; ஒவ்வொரு கதிரின் நுனியிலும் ஒரு கை இருக்கும். அவன் இறந்த சில ஆண்டுகளிலேயே எல்லாம் பழையபடி ஆகிவிட்டது. துத்தன்காத்தன் என்ற பெயரோடு இருந்த இளம் மன்னன் துத்தன்காமுன் ஆனான். பெயரிலிருந்த 'ஆத்தன்' போய் 'ஆமுன்' வந்தது. ஓர் அரசன் கொண்டுவந்தான், அடுத்தவர்கள் நீக்கினார்கள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும்.

சொல்லைச் சோதிப்போம்

இப்போது 'ரா–ரவி' கணக்கைப் பார்ப்போம். தமிழாசிரியர்களுக்கு இது கஷ்டமான வேலை இல்லைங்க.

முதலாவது, 'ரவி' வடமொழிச் சொல். தமிழில் சொல்லுக்கு முதலில் ரகரம் வராது என்பது தொல்காப்பியம் சொல்லும் மொழிமரபு. அதனால்தான் ராமன் 'இராமன்' ஆனான், ரவி 'இரவி' ஆனான். நமக்கே உரிய பெயர்கள் ஞாயிறு, கதிரவன், பகலவன், வெய்யோன், என்றூழ் முதலியவை. இவற்றில் எதுவும் 'ரா'வோடு ஒட்டவில்லை.

இரண்டாவது, எகிப்திய சித்திர எழுத்தில் உயிரெழுத்துகளை எழுதும் வழக்கம் இல்லை. அந்தக் கடவுளின் பெயரில் எழுதப்பட்டவை இரண்டு மெய்யொலிகள் மட்டுமே. ஒன்று ரகரம். மற்றொன்று தொண்டைக்குள் எழும் ஒலி. அரபு மொழியில் இருப்பது போன்றது, தமிழில் கிடையாது. 'ரா' என்பது ஆய்வாளர்கள் நம் வசதிக்காகத் தரும் உச்சரிப்பு. எகிப்திய மொழியின் பிற்கால வடிவமான கோப்டிக் மொழியில் அது 'ரே' என்பதற்கு நெருக்கமாக ஒலித்தது. அப்படியானால் 'ரவி'யோடு நாம் ஒப்பிட்ட நெடில் ஆகாரம், அவர்கள் எழுதாத ஒலி.

மூன்றாவது, இதை வகுப்பில் சொன்னால் பிள்ளைகள் சிரித்துவிடுவார்கள். 'ரா'வைத் தமிழ் மரபுப்படி எழுதினால் என்ன வரும்? 'இரா'. இரா என்றால் இரவு! ஒலி ஒற்றுமை ஒன்றே போதும் என்றால், எகிப்தியர் கும்பிட்டது சூரியனை அல்ல, ராத்திரியை என்றும் நிறுவிவிடலாம். எந்த முடிவுக்கும் இழுத்துக்கொண்டு போகக்கூடிய ஒன்று, எந்த முடிவுக்கும் சான்று ஆகாது.

தற்செயல் என்பது எவ்வளவு எளிதாக நடக்கும் என்பதற்கு எங்கள் ஊரிலேயே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. தஞ்சோங் மாலிமில் சுல்தான் இட்ரிஸ் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரி தொடங்கியது 1922 நவம்பர் மாதம். இன்று அதுதான் சுல்தான் இட்ரிஸ் கல்வியியல் பல்கலைக்கழகம். அதே 1922 நவம்பரில்தான் எகிப்தில் ஹோவர்ட் கார்ட்டர் துத்தன்காமுன் கல்லறையைக் கண்டுபிடித்தார். ஒரே ஆண்டு, ஒரே மாதம். இரண்டுக்கும் தொடர்பு உண்டா? கிடையாது. ஒன்றாக நடந்ததெல்லாம் உறவாகாது, ஒன்றாக ஒலிப்பதெல்லாம் உறவாகாது.

"அப்போ ரெண்டு பேரும் ஏன் டீச்சர் சூரியனைக் கும்பிட்டாங்க?" என்று கேட்டால் பதில் எளிது. எல்லார் தலைக்கு மேலும் இருப்பது அந்த ஒரே சூரியன். தென் அமெரிக்காவின் இன்கா மக்கள் வணங்கினார்கள், ஜப்பானியர் அமத்தெராசு என்ற பெயரில் பெண் தெய்வமாக வணங்குகிறார்கள். யாரும் யாரிடமும் கடன் வாங்கவேண்டிய அவசியம் இல்லை.

நம் கதிரவன்

தமிழர் மரபில் கதிரவனுக்குச் சான்று தேட எகிப்து வரை போக வேண்டாம். சிலப்பதிகாரத்தின் வாழ்த்துப் பகுதியிலேயே திங்கள், ஞாயிறு, மழை மூன்றும் போற்றப்படுகின்றன. புகார் நகரத்துக் கோயில்களைச் சொல்லும் இடத்தில் உச்சிக்கிழான் கோட்டம் என்று ஒன்று வருகிறது. அது சூரியன் கோயில் என்று பொருள் கொள்வார்கள்.

அதைவிட முக்கியமான இடம் மதுரைக் காண்டத்தில் உண்டு. கோவலன் கொலையுண்டதைக் கேட்ட கண்ணகி, தன் கணவன் கள்வனா என்று கதிரவனிடம்தான் கேட்கிறாள். கள்வன் அல்லன் என்று பதில் வருகிறது. அரசன் தவறிய இடத்தில் சாட்சியாக நிற்பது கதிரவன். எகிப்திலும் ராவுக்கும் நீதிக்கும் தொடர்பு இருந்ததைப் பார்த்தோம். ஆனால் அங்கே அந்தக் கதிரவன் அரசனின் தந்தை. இங்கே அரசனுக்கு எதிராக ஒரு குடிமகள் அழைக்கும் சாட்சி. ஒற்றுமையை எழுதும் மாணவர்கள் இந்த வேற்றுமையையும் எழுதினால் கட்டுரைக்கு எடை கூடும்.

சோழரும் தங்களைச் சூரிய குலத்தவர் என்று சொல்லிக்கொண்டவர்கள்தான். தஞ்சை மாவட்டத்தில் ஆடுதுறைக்கு அருகே உள்ள சூரியனார் கோயில், முதலாம் குலோத்துங்கன் காலத்தோடு (கி.பி. 1070–1120) தொடர்புடையது. கல்வெட்டில் அதன் பெயர் குலோத்துங்கசோழ மார்த்தாண்டாலயம். கன்னோசியை ஆண்ட காகடவால மன்னர்கள் சூரிய வழிபாட்டில் ஈடுபாடு கொண்டவர்கள். அவர்களோடு குலோத்துங்கனுக்கு இருந்த நட்பு இக்கோயிலுக்குத் தூண்டுதலாக இருந்திருக்கலாம் என்பது வரலாற்று அறிஞர் கருத்து. கோயிலில் சூரியன் மேற்கு நோக்கி இருக்கிறார், மற்ற எட்டுக் கோள்களுக்கும் தனித்தனிச் சன்னதிகள் உண்டு. நம் மலேசிய மாணவர்களுக்கு இன்னொரு செய்தி: கடாரத்து அரசனின் வேண்டுகோளை ஏற்று, நாகப்பட்டினத்துப் பௌத்த விகாரைக்கான கொடையை 1090-இல் செப்பேட்டில் உறுதி செய்தவனும் இதே குலோத்துங்கன்தான்.

ஆனாலும் தமிழகத்தில் சூரியனுக்கென்றே எழுந்த பெரிய கோயில்கள் மிகக் குறைவு. சிவனுக்கும் திருமாலுக்கும் முருகனுக்கும் அம்மனுக்கும் உள்ள அளவில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. ஆனால் தை முதல் நாளில் கதிரவனுக்குப் பானை வைக்காத ஊர் உண்டா?

உண்மையான உறவு எங்கே?

எகிப்துக்கும் தமிழருக்கும் உறவே இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. உறவு உண்டு, அதற்குச் சான்றும் உண்டு. சான்று கடவுள் பெயரில் கிடைக்கவில்லை, உடைந்த பானையில் கிடைத்தது.

எகிப்தின் செங்கடல் கரையில் குசெய்ர் அல்–காதிம் என்று ஒரு பழைய துறைமுகம் உண்டு. அங்கே 1978-இல் தொடங்கிய அகழாய்வில் கணன், சாதன் என்ற தமிழ்ப் பெயர்கள் பொறித்த பானை ஓடுகள் கிடைத்தன. பின்னர் நடந்த அகழாய்வில் இன்னொரு ஓடு கிடைத்தது. அதில் தமிழ்ப் பிராமி எழுத்தில் 'பானை ஒறி' என்று எழுதியிருப்பதை ஐராவதம் மகாதேவன் படித்துச் சொன்னார். உறியில் தொங்கவிடும் பானை என்று பொருள். காலம் கி.மு. முதல் நூற்றாண்டு. அதே கரையில் உள்ள பெரெனிகே துறைமுகத்தில், ஒரு கோயில் வளாகத்துக்குள் இந்தியாவில் செய்த சாடி ஒன்றில் சுமார் ஏழரை கிலோ கருமிளகு அப்படியே கிடைத்தது. முசிறியிலிருந்து வந்த சரக்கு பற்றிய கிரேக்க மொழி ஒப்பந்தம் ஒன்று, கி.பி. இரண்டாம் நூற்றாண்டைச் சேர்ந்தது, எகிப்தில் கிடைத்த பாப்பிரசுத் தாளில் உள்ளது. இன்று அது வியன்னாவில் இருக்கிறது.

நம்மவர் அங்கே போனார்கள், மிளகு போனது, பானை போனது, எழுத்தும் போனது. இவ்வளவும் தைரியமாக எழுதலாம். அவர்கள் எந்தக் கோயிலில் கும்பிட்டார்கள் என்று ஓடு சொல்லவில்லை. ஓடு சொல்லாததை நாமும் சொல்ல வேண்டாம். பிரமிடு கட்டினோம் என்று பெருமை பேசுவதைவிட, ஒரு சாதாரண மனிதர் தன் பானையில் தமிழில் எழுதி அதைக் கடல் கடந்து கொண்டுபோனார் என்பது எனக்குப் பெரிய பெருமையாகத் தெரிகிறது.

எது நின்றது, எது தொடர்கிறது

எகிப்தில் ராவின் வழிபாடு அரசன், கோயில், பூசாரி, எழுத்து என்ற தூண்களில் நின்றது. ரோமர் ஆட்சி வந்தது, பிறகு கிறிஸ்துவம் பரவியது. தூண்கள் ஒவ்வொன்றாகச் சரிந்தன. பிலே தீவுக் கோயிலில் கடைசியாகச் சித்திர எழுத்து பொறிக்கப்பட்டது கி.பி. 394-இல். அதன்பின் அந்த எழுத்தைப் படிக்கத் தெரிந்தவர்களும் இல்லாமல் போனார்கள். 1822-இல் ஷாம்போலியன் மறுபடி படிக்கும்வரை ராவின் கதை கல்லுக்குள் பூட்டிக்கிடந்தது.

சோழர் ஆட்சியும் முடிந்தது. பொங்கல் முடியவில்லை. ஏன்? நான் புரிந்துகொண்ட வரையில், அது அரசனை நம்பி இருக்கவில்லை. வாசல், அடுப்பு, பானை, அரிசி, இவ்வளவு போதும். பூசாரிகூட வேண்டாம், வீட்டுப் பெண்ணே நடத்திவிடுவாள்.

இதை எனக்குப் புரியவைத்தது புத்தகம் இல்லை, என் பாட்டி. தஞ்சோங் மாலிமுக்குப் பக்கத்துத் தோட்டத்தில் பால் வெட்டியவர். நாங்கள் சிறுபிள்ளைகளாக இருந்தபோது கேட்டிருக்கிறேன்: "நெல்லு வயலே இல்லாத தோட்டத்துல எதுக்குப் பாட்டி பொங்கல் வெச்சீங்க?" பாட்டி சொன்னார்: "வெயில் அடிச்சாத்தான்டி எங்களுக்குச் சம்பளம். மழ பேஞ்சா மரம் ஈரம், வெட்ட முடியாது. அன்னிக்குக் கூலியும் இல்ல."

யோசித்துப் பாருங்கள். இருட்டோடு எழுந்து பெரட்டுக்குப் போக வேண்டும். விடியற்காலைக் குளிர்ச்சியில்தான் பால் நன்றாக வடியும், வெயில் ஏறினால் குறைந்துவிடும். ஆக, சூரியன் வருமுன் ஓட வேண்டும், ஆனால் சூரியன் வராமலும் இருக்கக் கூடாது. வயலில் நெல் விளைத்த கதிரவனை அவர்கள் கூலி கொடுக்கும் கதிரவனாகவும் பார்த்தார்கள். லயத்து வீட்டு வாசலில் பால்மர விறகு வைத்து, கடையில் வாங்கிய அரிசியில் பொங்கினார்கள். தோட்டங்கள் துண்டாடப்பட்டு மக்கள் பட்டணத்துக்கு வந்த பிறகும், அடுக்குமாடி வீட்டு ஐந்தடி வாசலில் வாயு அடுப்பில் பானை ஏறுகிறது.

வகுப்பறைக்கும் தேர்வுக்கும்

ஆசிரியர்கள் இந்தப் பாடத்தை ஒரு சிறு பயிற்சியாக நடத்தலாம். கரும்பலகையில் மூன்று கட்டங்கள் போடுங்கள்: 'சான்று உண்டு', 'அறிஞர் கருத்து', 'வெறும் ஒலி ஒற்றுமை'. குசெய்ர் ஓடு முதல் கட்டத்துக்குப் போகும். காகடவாலர் நட்பு இரண்டாவதுக்கு. ரா–ரவி மூன்றாவதுக்கு. மாணவர்களே அடுக்கட்டும். புலனத்தில் வந்த வேறு செய்திகளையும் கொண்டுவரச் சொல்லுங்கள். வகுப்பு கலகலப்பாகப் போகும்.

மாணவர்கள், ஒப்பீட்டுக் கேள்வி வந்தால் ஒற்றுமையோடு நிறுத்தாதீர்கள். இரண்டு ஒற்றுமை, இரண்டு வேற்றுமை, ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயரோ ஆண்டோ இடமோ சான்றாகக் கொடுங்கள். ஆண்டு சரியாக நினைவில்லை என்றால் நூற்றாண்டை எழுதுங்கள். தெரியாத ஆண்டை ஊகித்துப் போட வேண்டாம்.

அந்த மாணவனுக்கு வருகிறேன். கட்டுரையில் கோடு போடாமல், ஓரத்தில் 'சான்று?' என்று மட்டும் எழுதிக் கொடுத்தேன். இரண்டு வாரம் கழித்து மறுபடி எழுதி வந்தான். எகிப்தியர் தமிழர் என்ற வரி போய்விட்டது. அதற்குப் பதிலாகப் பானை ஒறி வந்திருந்தது. அவனுடைய பாட்டியும் தோட்டத்தில் வேலை செய்தவராம், அவர் வைத்த பொங்கலைப் பற்றி ஒரு பத்தி சேர்த்திருந்தான். கட்டுரையிலேயே அதுதான் நல்ல பத்தி. கொடுத்துவிட்டுத் தயங்கி நின்றான்.

"மாமாகிட்ட என்ன டீச்சர் சொல்றது? தப்புன்னு சொன்னா கோவிச்சுக்குவாரு."

"தப்புன்னு சொல்லாத. உன் கட்டுரையைப் படமெடுத்து அனுப்பு. இதுவும் புலனத்துல போகட்டும்."